பாரிஸ் டெலிவிஷனில் ஒரு தாலாட்டு

எனக்கு வயது எழுபத்தொன்று. வளர்த்தது ஐந்து. அதில் நான்கு நான் பெற்றது, ஒன்று பெறாதது. பெறாத அந்த ஒன்றைத்தான் பகலும் இரவும் பக்கத்திலேயே இருந்து வளர்த்தேன். பெற்ற நான்கும் சித்தூருக்குப் பக்கத்தில் பாகாலாவில் என் அம்மாவிடம் வளர்ந்தன.

மிஷன் பள்ளிக்கூடத்தில் மூன்றாம் வகுப்போடு என் படிப்பு முடிந்தது. பைபிளை விரல் வைத்துப் படிப்பேன். எழுதுவது அதைவிட மெதுவாகத்தான். ஆனாலும் பாரிஸுக்குப் போய் ஆறு நாள் இருந்துவிட்டு வந்தவள் எங்கள் சித்தூர் சபையிலேயே நான் ஒருத்திதான். கோயிலில் கேட்கிறார்கள், கறிகாய்க் கடையில் கேட்கிறார்கள். ஆளுக்கு ஒரு விதமாகச் சொல்லிச் சொல்லி எனக்கே குழம்பிவிடும் போலிருந்தது. நடந்ததை நடந்தபடி ஒரு தரம் எழுதிவிடலாம் என்று உட்கார்ந்தேன். பிழை பார்க்க என் பெரிய மகனின் பெண் பிரேமா இருக்கிறாள்.

பெறாத பிள்ளையின் பெயர் எலேன். என் வாயில் அது ஏலம்மா. அவள் அப்பா சித்தூரில் இருந்த வெள்ளைக்கார டாக்டர். அம்மா பிரெஞ்சுக்காரி, நாங்கள் துரைசானியம்மா என்போம். பிள்ளை பெற்றதும் படுத்தவர் எழுந்து நடமாட வருஷக்கணக்கு ஆயிற்று. என் வீட்டுக்காரர் காய்ச்சலில் போய் அப்போது ஆறு மாதம். என் நாலையும் அம்மாவிடம் விட்டுவிட்டு இந்த ஒன்றை இடுப்பில் தூக்கினேன். யுத்தம் முடிந்ததும் கப்பல் ஏறிப் போய்விட்டார்கள். அவளுக்கு அப்போது ஆறு வயது.

இப்போது அவள் பாரிஸில் பெரிய பாட்டுக்காரி. மைக் இல்லாமல் பெரிய கொட்டகை முழுக்கக் கேட்கும்படி பாடுகிற பாட்டாம். அந்த ஊர் டெலிவிஷனில் ஒரு நிகழ்ச்சி உண்டு. ஒரு பெரிய கலைஞரை நடுவில் உட்கார வைத்து, அவருக்குப் பிடித்தவர்களை எல்லாம் எங்கிருந்தாலும் வரவழைத்து, மூன்று மணி நேரம் பாட்டும் ஆட்டமும் பேச்சுமாக நடத்துவார்கள். இந்த முறை நடுவில் உட்காருவது ஏலம்மா. யார் யார் வேண்டும் என்று கேட்டதற்கு அவள் சொன்ன முதல் பெயர் என்னுடையது.

கடிதத்தைப் படித்துச் சொன்னவன் என் பெரிய மகன் தானியேல். "இன்னாம்மா, இந்த வயசுல ஏரோப்ளேன் ஏறப் போறியா? குளிர்ல வெறச்சிப் பூடுவ" என்றான்.

"கர்த்தர் கூப்ட்டாகூட கொஞ்சம் இருங்கன்னு சொல்லுவேன். இவ கூப்ட்டா ஒடனே போவேன்" என்றேன்.

முதல் நாள். ஆகாயத்தில் பறந்ததைப் பற்றிச் சொல்ல ஒன்றுமில்லை, காது அடைத்துக்கொண்டது, அவ்வளவுதான். இறங்கின இடத்தில் என் பெயரைத் தமிழில் எழுதிய அட்டையோடு ஒருவர் நின்றார். பெயர் சவரிராயன். பாண்டிச்சேரிக்காரர், பட்டாளத்தில் இருந்து அந்த ஊரிலேயே தங்கிவிட்டவர். எனக்கு மொழிபெயர்த்துச் சொல்ல டெலிவிஷன்காரர்கள் வைத்த ஆள்.

"அம்மா வேதமா?" என்று கேட்டார், என் கழுத்துச் சிலுவையைப் பார்த்து.

"வேதம்தான். ஆனா ஒங்க வேதம் இல்ல, நாங்க சீர்திருத்தம்."

"அப்ப ஞாயித்துக்கெழம சண்ட இல்ல. ஆளுக்கு ஒரு கோயிலு" என்று பெட்டியைத் தூக்கிக்கொண்டார். மனுஷனை அப்போதே பிடித்துவிட்டது.

அந்த ஊர் ரொட்டி முழ நீளத்துக்கு மேல் இருக்கிறது, விறகுக்கட்டை மாதிரி. அதைக் காகிதம்கூடச் சுற்றாமல் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நடக்கிறார்கள். நம் ஊரில் கக்கத்தில் வைத்ததை நாய்க்கும் போடமாட்டோம். ஆனால் பிட்டு வாயில் போட்டால் ருசி, பொய் சொல்லக் கூடாது. பால்கட்டி என்று ஒன்று தந்தார்கள். எங்கள் பக்கம் பலமனேரில் பால் திரிந்தால் சாக்கடையில் கொட்டுவார்கள். இங்கே அதைப் பூசணம் பிடிக்க வைத்து, தட்டில் அழகாக அடுக்கி, கடைசியில் கொண்டு வருகிறார்கள். நான் கொண்டு போயிருந்த கோங்கூராக் கீரை ஊறுகாயைத் திறந்தேன். சவரிராயன் ஒரு விரலால் தொட்டு நாக்கில் வைத்தார். பிறகு ஒரு ரொட்டி முழுசையும் ஊறுகாயோடு தின்றார்.

இரண்டாம் நாள். ஏலம்மா வீட்டுக்குத் தரைக்கு அடியில் ஓடுகிற ரயிலில் போனோம். நான் முதலில் ஏறினேன். சவரிராயன் யாருக்கோ வழிவிட்டு நின்றார். கதவு தானாக மூடிக்கொண்டது. அவர் வெளியே, நான் உள்ளே. எனக்குப் பதற்றம் வந்தால் வாயில் தெலுங்குதான் வரும். "தலுப்பு தீயண்டி, தலுப்பு தீயண்டி!" என்று கதவைத் தட்டினேன். கதவு திறப்பதாவது, ரயில் போய்விட்டது.

எல்லோரும் பேப்பருக்குள் முகத்தை வைத்துக்கொண்டார்கள். முதுகில் பிள்ளையைக் கட்டியிருந்த கறுப்புப் பெண் ஒருத்தி மட்டும் எழுந்து என் கையைப் பிடித்தாள். அடுத்த நிறுத்தத்தில் அவளும் இறங்கி என்னைப் பெஞ்சில் உட்கார வைத்து, தானும் உட்கார்ந்தாள். அவளுக்கு அது இறங்குகிற இடமா இல்லையா என்று எனக்குத் தெரியாது. நான் தமிழில் பேசினேன், அவள் அவள் பாஷையில் பேசினாள். பிள்ளை என் வளையலைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தது. சவரிராயன் வியர்த்து வழிய ஓடி வந்தார்.

"தொலைஞ்சே பூட்டீங்கன்னு நெனச்சேன்!"

"நான் எங்க தொலைஞ்சேன்? நான் இங்கதான் குந்திக்கினு இருக்கேன். நீதான் தொலைஞ்சி பூட்ட" என்றேன். அந்தப் பெண்ணுக்கு என்ன புரிந்ததோ, விழுந்து விழுந்து சிரித்தாள்.

ஏலம்மா கதவைத் திறந்தாள். ஆறு வயதில் பார்த்தது, இப்போது என்னைவிட ஒரு சாண் உயரம். "ஆயா" என்றாள். தலையைக் குனிந்து என் கைக்கு அடியில் வைத்தாள். அவளிடம் மிச்சமிருந்த தமிழ் மூன்று சொல்: ஆயா, போதும், இன்னும். அந்த மூன்றையும் வைத்தே எனக்கு மூன்று தட்டு சாப்பாடு போட்டாள்.

துரைசானியம்மாவும் அங்கே இருந்தார். எண்பது வயது, கையில் தடி, பார்வை மட்டும் பழைய பார்வை. அவர் சொன்னதைச் சவரிராயன் தமிழில் சொன்னார்: "இந்தியாவில் எனக்குக் கிடைத்த ஒரே நம்பிக்கை இந்த ஆயாதான். வெயிலிலே கொண்டு போகாதே, கேட்டைத் தாண்டாதே என்றேன். ஆறு வருஷத்தில் ஒரு நாள்கூட இவள் என் பிள்ளையைக் கேட்டுக்கு வெளியே கொண்டு போனதில்லை."

எனக்குக் காபி புரை ஏறியது.

மூன்றாம் நாள் ஒத்திகை. எனக்குத் தெரிந்த டெலிவிஷன், மதராஸ் பொருட்காட்சியில் ஒரு தரம் பார்த்தது, ரேடியோவுக்கு முகம் வைத்த மாதிரி. அதற்குப் பின்னால் இவ்வளவு பெரிய கொட்டகை இருக்கும் என்று யார் கண்டார்கள்? தலைக்கு மேல் நூறு விளக்கு. ஒரு மூலையில் குறவஞ்சி கட்டின மாதிரி கால் கட்டைவிரல் நுனியில் நிற்கிற பெண்கள், ஒரு மூலையில் சிவப்பு மூக்கு வைத்த கோமாளி, ஒரு பக்கம் இருபது வயலின்காரர்கள், நடுவில் கட்டில் அகலத்துக்குக் கறுப்புப் பியானோ. தெருவில் பாடிப் பேர் வாங்கின குண்டு மனிதர் ஒருவர் ஆர்மோனியம் மாதிரி ஒரு கைப்பெட்டியை மார்போடு அணைத்து இழுத்து இழுத்து வாசித்துக்கொண்டிருந்தார்.

"பெரிய வித்துவானும் கோமாளியும் ஒரே மேடைதான் இங்க. அதுக்குத்தான் இதுக்கு இம்மாம் பேரு" என்றார் சவரிராயன் பெருமையாக.

"எங்க அறுப்புப் பண்டிகையிலயும் அப்டிதான். ஐயர் பிரசங்கம் முடிஞ்ச கையோட பசங்க மீசை வச்சிக்கினு காமிக் போடுவாங்க" என்றேன்.

நடத்துகிறவர் மெதுவாகப் பேசுகிற மனிதர். ஏலம்மாவை மேடைக்கு அழைத்து எங்கள் பக்கம் கை காட்டி என்னவோ சொன்னார். சவரிராயன் என் காதில் சொன்னார்: "பதினஞ்சி வருஷமா இவங்க எந்தக் கச்சேரியிலயும் கடைசியில ஒரு தாலாட்டுதான் பாடுவாங்களாம். ரெக்கார்டுகூட இருக்குது. சின்ன வயசுல ஆயா பாடினதாம். பெரிய மேதை ஒருத்தரு அதுக்கு வயலினெல்லாம் வச்சிக் குடுத்திருக்காரு. மலைக்குப் பண்ற பிரார்த்தனைன்னு படிச்சவங்க எழுதியிருக்காங்களாம். எல்லாம் நீங்க பாடினது, ஆயா!"

எனக்கு நெஞ்சு நிறைந்துவிட்டது. நான் பாடினதை இத்தனை வருஷம் வைத்திருக்கிறாளே என்று சேலைத் தலைப்பைக் கையில் பிடித்துக்கொண்டேன்.

வயலின்கள் மெல்ல எழுந்தன. அவள் கண்ணை மூடிப் பாடினாள். "பக்...கா...லா..." என்று இழுத்தாள். மறுபடி "பக்...கா...லா..." என்ன பாட்டு இது, நான் பாடினது இல்லையே என்று யோசித்தேன். "சந்...தா...கிரீ..." வயலின் அழுதது. "தீ...ரூ...பத்தீ..." நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். கடைசியில் "ரே... ரே..." என்று கூரைக்கு ஏறி, அங்கேயே நின்று, நூல் மாதிரி மெலிந்து முடிந்தது. விளக்கு போடுகிறவன்கூடக் கண்ணைத் துடைத்துக்கொண்டான்.

நான் அழவில்லை. எனக்குக் கரிப்புகை வாசனை வந்தது.

யுத்த காலத்தில் பெட்ரோல் கிடையாது, கரி அடுப்பைப் பின்னால் கட்டின பஸ்தான். சித்தூர் பஸ் ஸ்டாண்டில் மத்தியானம் ஒன்று புறப்படும். கண்டக்டர் படியில் தொங்கிக்கொண்டு, தகரத்தில் அடித்து, "பாகாலா, பாகாலா, சந்திரகிரி, திருப்பதி!" என்று கூவுவான். ஆள் நிறைந்ததும் "ரைட், ரைட்!" அதுதான் இந்தத் தாலாட்டு.

வீட்டில் எவ்வளவு பாடினாலும் ஏலம்மாவுக்கு மத்தியானத்தில் தூக்கம் வராது. பஸ் ஸ்டாண்டில் என் தோளில் படுத்துத் தூங்கிவிடுவாள். நான் அவளைத் தூங்க வைக்க அங்கே போகவில்லை. பாகாலா பஸ்ஸில் யாராவது தெரிந்தவர் வருவார், என் அம்மா சொல்லியனுப்பிய சங்கதி வரும். சின்னதுக்குக் காய்ச்சல் விட்டது, பெரியவன் பள்ளிக்கூடம் போகிறான், அவ்வளவுதான் சங்கதி. அதைக் கேட்டுவிட்டுத் திரும்புவேன். சில நாள் படியில் ஒரு காலை வைத்ததும் உண்டு. இடுப்பில் அடுத்தவர் பிள்ளை, எப்படி ஏறுவது? துரைசானியம்மா கேட்டால், பின்கட்டில் புங்கமர நிழலில் இருந்தோம் என்பேன். ஆறு வருஷமும் அதே பொய்.

ஒத்திகை முடிந்ததும் சவரிராயனிடம் சொன்னேன். அவர் முகம் வெளுத்துவிட்டது.

"பஸ்சா?"

"பஸ்சுதான். திருப்பதி பஸ்சு."

"ஆயா, ஒங்களுக்குப் புண்ணியமாப் போவும், வாய மூடிக்கினு இருங்க. நாளைக்கு இது அப்படியே நேரா நாடு பூரா போவுது, திருத்த முடியாது. அந்தப் பொண்ணு பேரு என்னாவறது? கேட்டா, ஆமான்னு தலையாட்டுங்க. ஒரு தலையாட்டல்தானே!"

"ஏலம்மாகிட்ட இப்பவே சொல்லு. அவ தெரிஞ்சிக்கட்டும்."

அவளிடம் போனோம். நான் தமிழில் சொன்னேன், அவர் பிரெஞ்சில் சொன்னார். கேட்டதும் அவள் என்னைக் கட்டிக்கொண்டு இரண்டு கன்னத்திலும் முத்தம் கொடுத்தாள். உன் பாட்டு பஸ் கண்டக்டர் பாட்டு என்று சொன்னால் யாராவது முத்தம் கொடுப்பார்களா?

"நீ வேற எதையோ சொன்ன" என்றேன்.

சவரிராயன் செருப்பைப் பார்த்துக்கொண்டு நின்றார். "பொண்ணுக்காகத்தான் ஆயா" என்றார்.

அன்றைக்கு ஜெபம் பண்ணிவிட்டுப் படுத்தேன். நன்றாகவே தூங்கினேன். முடிவு பண்ணிவிட்டால் எனக்குத் தூக்கம் வரும். நான் பாடாத பாட்டை நான் பாடினது என்று தலையாட்டினால் ஏலம்மாவுக்கு நல்லது, துரைசானியம்மாவுக்கு நல்லது, எனக்கும் கௌரவம்தான். ஆனால் அந்தப் பாட்டில் என் நாலு பிள்ளைகள் இருந்த ஊர்ப் பெயர் இருக்கிறது. அதை மலைக்குப் பண்ணுகிற பிரார்த்தனை என்று விட்டுவிட எனக்கு மனம் வரவில்லை.

நான்காம் நாள் நிகழ்ச்சி. முகத்துக்குப் பவுடர் அடிக்க ஒரு பெண் வந்தாள். என் முகம் எனக்குப் போதும் என்று அனுப்பிவிட்டேன். பட்டு கட்டச் சொன்னார்கள், நான் நீலக்கரை வெள்ளைச் சேலைதான் கட்டினேன். முன் வரிசையில் துரைசானியம்மா தடியை இரண்டு கையாலும் பிடித்து உட்கார்ந்திருந்தார். அவருக்குப் பக்கத்தில் தாலாட்டுக்கு வயலின் வைத்துக் கொடுத்த பெரியவர். பெண்கள் ஆடினார்கள், கோமாளி ஏணியிலிருந்து விழுந்தார், குண்டு மனிதர் பாடினார். பிறகு தாலாட்டு.

நடத்துகிறவர் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். சவரிராயன் சொன்னார்: "இந்தத் தாலாட்டை எந்த நேரத்துல பாடுவீங்கன்னு கேக்கறாரு."

"இது தாலாட்டு இல்ல. பாகாலா பஸ்சுன்னு சொல்லு."

சவரிராயன் பிரெஞ்சில் நீளமாகச் சொன்னார். எல்லோரும் "ஆ..." என்று உருகினார்கள். மறுபடியும் சர்க்கரை போட்டுவிட்டார் என்று தெரிந்தது. நாலு நாளில் அந்தப் பாஷையில் எனக்கு ஒரு சொல் வந்திருந்தது. அவர்களும் பஸ்ஸை பஸ் என்றுதான் சொல்கிறார்கள், வாயைக் குவித்து "புஸ்" என்பார்கள். அவர் சொன்னதில் புஸ் இல்லை.

நான் எழுந்தேன். சவரிராயன் என் சேலையைப் பிடித்தார், உதறிவிட்டேன். பியானோ அருகில் போய் அதன் பக்கத்தில் பொத்துப் பொத்தென்று இரண்டு அடி அடித்தேன். பியானோக்காரர் நாற்காலியோடு பின்னால் போனார். ஒரு கையால் பஸ் கம்பியைப் பிடித்தாற்போல் பிடித்துக்கொண்டு கூவினேன்:

"பாகாலா பாகாலா பாகாலாஆ! சந்திரகிரி, திருப்பதீ! எக்கண்டி எக்கண்டி, ஏறு ஏறு, கோழிக்கூட மேல போடு! உள்ள போ, உள்ள போ! ரைட்... ரைட்!"

பிறகு நடத்துகிறவரைப் பார்த்து வாயைக் குவித்து, "புஸ்!" என்றேன். ஸ்டியரிங் பிடிப்பது போலக் கையைத் திருப்பியும் காட்டினேன்.

முதலில் சிரித்தது கைப்பெட்டிக்கார மனிதர், வயிற்றைப் பிடித்துக்கொண்டு. பிறகு கோமாளி, பிறகு கொட்டகை முழுக்க. ஏலம்மா மட்டும் சிரிக்காமல் என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"இப்பவாவது உள்ளத உள்ளபடி சொல்லு" என்றேன் சவரிராயனிடம். "துரைசானியம்மாகிட்ட சொல்லு. புங்கமர நெழலு பொய்யி. தெனமும் பஸ்சு ஸ்டாண்டுக்குத் தூக்கினு போனேன். என் நாலு புள்ளைங்க அந்த பஸ்சு போற ஊர்ல இருந்துச்சிங்க."

அவர் சொன்னார். இந்தத் தடவை சுருக்கமாகச் சொன்னார். சிரிப்பு நின்றுவிட்டது. துரைசானியம்மாவின் கை தடியிலிருந்து நகரவில்லை.

ஏலம்மா எழுந்து வந்தாள். பியானோவை இரண்டு அடி அடித்தாள். என்னைப் போலவே வேகமாக, ஆனால் அந்தப் பெரிய குரலில், "பாகாலா பாகாலா!" என்று எடுத்தாள். வயலின்காரர்களுக்கு எங்கே சேர்வது என்று தெரியவில்லை. கைப்பெட்டி சேர்ந்துகொண்டது. கடைசியில் "ரே" என்று இழுக்கப் போனவளை நிறுத்தி, "ரைட்டு, ரைட்டு" என்று சொல்லிக்கொடுத்தேன். இரண்டாவது தடவை சரியாகச் சொன்னாள். கைதட்டல் நிற்க நேரம் ஆயிற்று. ஆனால் பாட்டுக்கு வயலின் வைத்துக் கொடுத்த பெரியவர் தன் கோட்டு, தொப்பியை மாட்டிக்கொண்டு போய்விட்டார். துரைசானியம்மா என்னிடம் விடை சொல்லாமல் போனார். அதையும் எழுதத்தான் வேண்டும்.

ஐந்தாம் நாள் காலையில் ஏலம்மா சவரிராயனோடு என் அறைக்கு வந்தாள். அம்மா கோபமாக இருக்கிறார் என்றாள். ரெக்கார்டின் உறையை மாற்ற வேண்டும் என்றாள். பிறகு, "அப்படியானால் எனக்கு நீ என்னதான் பாடினாய்?" என்று கேட்டாள்.

பாடினேன். என் அம்மா எங்களுக்காகக் கட்டின பாட்டு. தூங்காத கண்ணுக்கு மை வைத்தது யார், தொட்டில் கயிற்றைத் தேய்த்தது யார் என்று போகும். குரல் கரகரத்தது. அவள் முகவாயில் கை வைத்துக் கேட்டாள். "இன்னும்" என்றாள். மறுபடி பாடினேன். மூன்று தரம் கேட்டாள். பிறகு தலையை ஆட்டினாள்.

"ஞாபகம் இல்லையாம் ஆயா" என்றார் சவரிராயன், மெதுவாக. "கொஞ்சம்கூட இல்லையாம்."

ஞாபகம் இருக்கிறது என்று ஒரு பொய் சொல்லியிருக்கலாம், நானும் நம்பியிருப்பேன். சொல்லவில்லை. நான் வளர்த்த பிள்ளைதான் என்று அவள் தலையைத் தடவிக் கொடுத்தேன்.

மதராஸிலிருந்து ரயிலில் திருப்பதி வந்து இறங்கினேன். தானியேல் வந்திருந்தான். சித்தூர் பஸ் ஏறினோம். சந்திரகிரி தாண்டிப் பாகாலாவில் பஸ் ஐந்து நிமிஷம் நின்றது. அவன் இறங்கி வேர்க்கடலை வாங்கி வந்து ஜன்னல் வழியாக நீட்டினான். நீட்டினவன் அங்கேயே நின்றான்.

"இந்த எடத்துலதாம்மா நாங்க நாலு பேரும் வந்து நிப்போம். சித்தூரு பஸ்சு வந்தா, எல்லாரும் எறங்கற வரிக்கும் பாப்போம். அப்பறம் கெழவி வந்து இஸ்துக்கினு போவும்" என்றான். கெழவி என்றது என் அம்மாவை. இத்தனை வருஷத்தில் இதை அவன் சொன்னதே இல்லை. நான் அவன் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். "கடல ஆறுது, துன்னு" என்று சொல்லிவிட்டுப் படியில் ஏறினான்.

ஒரு நாடே பார்க்கச் சொன்னதை அந்த ஜன்னலில் என் மகனிடம் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. மிச்ச வழி முழுக்கக் கடலை உரித்துக்கொண்டு வந்தேன். அந்தப் பஸ்ஸின் சித்தூர் முனையில் நானும் தினமும் வந்து நின்றேன் என்று அவனுக்குத் தெரியாது.

பிரேமா, எழுத்து முடிந்தது. எழுந்து வா, முதல் வரியிலிருந்து படி. பிழை இருந்தால் அப்புறம் திருத்திக்கொள்ளலாம். உள்ளே உன் அப்பன் சாப்பிட்டுக்கொண்டிருக்கிறான், அவனுக்கும் கேட்கிற மாதிரி சத்தமாகப் படி.